எந்த மின், எந்த ஜுன்? கொரியப் பெயரை ரசிப்பது எப்படி

கொரியத் தொடர்கள் பார்ப்பவர்களுக்கு மின்ஜுன் என்ற பெயர் பழக்கமானது. 2013 டிசம்பரில் ஒளிபரப்பாகத் தொடங்கிய ‘மை லவ் ஃப்ரம் தி ஸ்டார்’ தொடரில் கிம் சூஹ்யுன் ஏற்ற நாயகன் வேடத்தின் பெயர் தோ மின்ஜுன். அந்தத் தொடர் வருவதற்கு முன்பே அது வீட்டுக்கு வீடு புழங்கிய பெயர்தான். 2008ல் தென்கொரியாவில் பிறந்த ஆண் குழந்தைகளுக்கு வேறெந்தப் பெயரையும்விட அதிகம் வைக்கப்பட்டது மின்ஜுன் என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றத்தின் பதிவுக் கணக்கு சொல்கிறது.

சரி, மின்ஜுன் என்றால் என்ன பொருள்? தேடிப் பார்த்தால் ‘கூரிய அறிவும் சிறப்பும் உடையவன்’ என்று ஒரே வரியில் பதில் கிடைக்கும். அது சில மின்ஜுன்களுக்கு மட்டுமே பொருந்தும். ஒரே வகுப்பில் நான்கு மின்ஜுன்கள் உட்கார்ந்திருந்தால் நான்கு பெயருக்கும் நான்கு பொருள் இருக்கலாம். காதுக்கு ஒன்றாகக் கேட்பது எழுத்தில் பிரிந்துபோகும். கொரியப் பெயரின் ருசி பெரும்பகுதி இந்த இடத்தில்தான் இருக்கிறது. இதைப் பிடித்துக்கொண்டால், தொடரின் முடிவில் ஓடும் நடிகர் பட்டியலைக்கூட நிறுத்திப் படிக்கத் தோன்றும்.

முதலில் பெயரின் அமைப்பைப் பார்த்துவிடுவோம். குடும்பப் பெயர் முன்னால் வரும், சொந்தப் பெயர் பின்னால் வரும். குடும்பப் பெயர் பெரும்பாலும் ஓரசை, சொந்தப் பெயர் பெரும்பாலும் ஈரசை. 2015 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி தென்கொரியாவில் ஒரு கோடியே ஆறு லட்சம் பேருக்கு மேல் கிம்கள். கிம், லீ, பார்க் ஆகிய மூன்றைக் கூட்டினாலே மக்களில் நாற்பது விழுக்காட்டைத் தாண்டிவிடுகிறது. குடும்பப் பெயர்கள் இவ்வளவு சிறிய வட்டத்துக்குள் சுற்றுவதால், ஒருவரை இன்னார் என்று அடையாளம் காட்டும் பொறுப்பு முழுவதும் அந்த இரண்டு அசைகள்மேல் விழுகிறது. குழந்தை பிறந்து ஒரு மாதத்துக்குள் பதிவு செய்தாக வேண்டும். அந்த ஒரு மாதத்தில் ஒரு குடும்பம் எத்தனை முறை கூடிப் பேசும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளலாம்.

மன்னர் செஜோங் 1446ல் மக்களுக்கு அறிவித்த ஹங்குல் எழுத்து, ஒலியைத் துல்லியமாகக் காட்டும். அதில் எழுதினால் எல்லா மின்ஜுனும் ஒன்றே. ஆனால் பெரும்பாலான பெயர்களுக்குப் பின்னால் ஹன்ஜா இருக்கிறது. கொரியர்கள் நூற்றாண்டுகளாகக் கையாண்டுவரும் சீன எழுத்துக்கு அவர்கள் வைத்த பெயர் அது. பதிவேட்டில் ஹங்குலோடு ஹன்ஜாவையும் சேர்த்து எழுதுவார்கள். எந்த எழுத்தை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ள முடியாது. பெயருக்கு உரிய எழுத்துகள் என்று உச்ச நீதிமன்றம் ஒரு பட்டியல் வைத்திருக்கிறது. இன்று அதில் ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்ட எழுத்துகள் உண்டு.

ஒரே ஒலிக்குப் பல எழுத்துகள் இருப்பதால், ‘எந்த மின்?’ என்ற கேள்வி கொரியாவில் இயல்பானது. அதற்குப் பதில் சொல்லும் முறை எனக்கு மிகவும் பிடித்தது. எழுத்தின் பொருளை முன்னால் வைத்து, ஒலியைப் பின்னால் வைப்பார்கள். ‘ஹானுல் மின்’ என்றால் வானம் என்ற பொருளுள்ள மின். ‘நோபுல் ஜுன்’ என்றால் உயர்ந்த என்ற பொருளுள்ள ஜுன். பெயரைக் கேட்டால் போதும், சின்னதாக ஒரு உரையும் கூடவே வந்துவிடும்.

பிடிஎஸ் இசைக்குழுவின் பார்க் ஜிமினை எடுத்துக்கொள்ளுங்கள். அவருடைய ‘ஜி’ அறிவு, ‘மின்’ வானம். அதிலும் இலையுதிர்காலத்து வானத்துக்கு உரிய எழுத்து அது. நடிகர் லீ மின்ஹோவின் ‘மின்’ வேறு எழுத்து, வேகமும் கூர்மையும் சேர்ந்த அறிவைக் குறிப்பது. பிடிஎஸ்ஸிலேயே இன்னொருவர், மின் யூங்கி. அவருடைய ‘மின்’ குடும்பப் பெயர், அதற்குத் தனி எழுத்து. கேட்கும்போது மூன்றும் ஒன்றுபோல் இருக்கும், எழுதும்போது மூன்றும் வெவ்வேறு.

எழுத்தை இன்னும் கிட்டே போய்ப் பார்க்கலாம். ஹன்ஜா படிக்கத் தெரியாதவர்களும் இதை ரசிக்க முடியும். ஆண் பெயர்களில் அடிக்கடி வரும் ஜுன் எழுத்துகளில் நான்குக்கு வலப்பக்கம் அச்சு மாறாமல் ஒன்றாகவே இருக்கும். ஒலியைத் தருவது அந்தப் பக்கம். இடப்பக்கத்து உறுப்பு மட்டும் மாறும். மனிதனைக் குறிக்கும் இரண்டு கோடுகள் இடப்பக்கம் நின்றால் அது ‘பலரில் சிறந்தவன்’. நடுவில் ஒரு குறுக்குக்கோடு போட்ட பெட்டி, அதாவது சூரியன், நின்றால் அது ‘ஒளி’. மூன்று சிகரம் கொண்ட மலை நின்றால் அது ‘செங்குத்தான உயரம்’. மூன்று நீர்த்துளிகள் நின்றால் அது ‘ஆழம்’, ஆற்றைத் தூர்வாரி ஆழப்படுத்துவது என்ற பொருளில் வருவது. மனிதன், சூரியன், மலை, நீர் என்று பக்கத்தில் நிற்பது மாற மாற, ஜுன் என்ற ஒரே ஒலி நான்கு பிள்ளைகளாகிவிடுகிறது.

மின்னில் இதைவிட நுட்பமான ஒன்று உண்டு. சூரியன் ஒன்று, ‘எழுத்து, அழகு’ என்று பொருள்படும் உறுப்பு ஒன்று. சூரியனை அதன் தலைமேல் வைத்தால் வானம் என்ற மின். அதே சூரியனைப் பக்கத்தில் இறக்கி வைத்தால் இதமும் இணக்கமும் குறிக்கும் மின். சூரியனை எடுத்துவிட்டு மணிக்கல்லின் உறுப்பைப் பக்கத்தில் வைத்தால் பச்சைக்கல்லைப் போன்ற அழகிய கல் என்ற மின். உறுப்பு ஒன்றுதான், அது நிற்கும் இடம் மாறினாலே பொருளும் மாறிவிடுகிறது. மகனுக்கு எதை வேண்டினார்கள் என்பதைப் பெற்றோர் இந்த இடத்தில்தான் எழுதி வைக்கிறார்கள்.

‘பாரசைட்’ படத்தை மறுபடி பார்க்கும்போது இதைக் கவனியுங்கள். இயக்குநர் போங் ஜூன்ஹோவின் ஜுன், மனிதன் நிற்கும் ஜுன். பிடிஎஸ்ஸின் கிம் நாம்ஜூனுக்கும் அதே எழுத்து. அவருடைய ‘நாம்’ தெற்கு. ஜூன்ஹோவின் ‘ஹோ’ பரந்த வானம். அந்தப் படத்தின் நாயகன் சோங் காங்ஹோவின் ‘ஹோ’வும் அதே பரந்த வானம்தான். உறவே இல்லாத இருவர் பெயரில் ஒரே வானம் அமைந்திருப்பது தற்செயல். அதைக் கண்டுபிடிக்கும்போது வரும் மகிழ்ச்சி தனி.

தற்செயலாக அமையாத பொது எழுத்தும் உண்டு. ‘ஸ்குவிட் கேம்’ தொடரில் காணாமல்போன அண்ணனைத் தேடி வரும் காவல்துறைக்காரரின் பெயர் ஹ்வாங் ஜுன்ஹோ. அண்ணன் பெயர் ஹ்வாங் இன்ஹோ. இரண்டிலும் ‘ஹோ’ வருவதைக் கேட்டதுமே, இவர்கள் உடன்பிறந்தவர்களாக இருக்கலாம் என்று கொரியப் பார்வையாளருக்குப் பொறிதட்டும். இதற்குத் தொல்லிம்ஜா என்று பெயர். ஒரு குலத்தில் ஒரே தலைமுறையைச் சேர்ந்த ஆண்கள் எல்லோருக்கும், ஒன்றுவிட்ட, இரண்டுவிட்ட சகோதரர்கள் உட்பட, பெயரில் ஓர் எழுத்து பொதுவாக இருக்கும். எந்தத் தலைமுறைக்கு எந்த எழுத்து என்பதைக் குலத்தின் வம்சாவளி ஏடான ஜொக்போ முன்கூட்டியே வரிசைப்படுத்தி வைத்திருக்கும். இன்னும் பிறக்காத கொள்ளுப்பேரன் பெயரில் பாதி இப்போதே முடிவாகியிருக்கும். பல குலங்களில் இந்த வரிசை ஐம்பொருள் ஒழுங்கில் நடக்கிறது. தந்தையின் எழுத்தில் மரம் இருந்தால் மகனின் எழுத்தில் நெருப்பு, பேரனுக்கு மண், அடுத்து உலோகம், அடுத்து நீர், மறுபடி மரம். மரம் எரிந்து நெருப்பாகிறது, நெருப்பு சாம்பலாகி மண்ணாகிறது, மண் உலோகத்தைத் தருகிறது. ஒன்று மற்றொன்றைப் பெற்றெடுக்கும் அந்த ஒழுங்கைத்தான் பெயர்களும் தொடர்கின்றன.

நம் கண்ணெதிரே ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் இருங்காட்டுக்கோட்டையில் 1998 முதல் கார் தயாரிக்கும் ஹூண்டாயின் குடும்பம். நிறுவனர் சுங் ஜூயொங் (1915–2001). அவருடைய தம்பிகளில் இன்யொங், சேயொங் போன்றோர் உண்டு. எல்லாப் பெயரும் ‘யொங்’ என்று முடியும், நிலைத்திருப்பது என்று அதற்குப் பொருள். அடுத்த தலைமுறையில் எழுத்து முன்னால் வந்துவிட்டது: மோங்கூ, மோங்ஹொன், மோங்ஜூன். ‘மோங்’ என்றால் கனவு. அதற்கடுத்த தலைமுறையில் மறுபடி பின்னால் போய்விட்டது: மோங்கூவின் மகன் உய்சொன், மோங்ஜூனின் மகன் கிசொன். ‘சொன்’ என்பது பரப்புதல், அறிவித்தல். பின், முன், பின் என்று எழுத்து இடம் மாறிக்கொண்டே வருவதைப் பாருங்கள். உய்சொனும் கிசொனும் பெரியப்பா, சித்தப்பா பிள்ளைகள் என்பதை யாரும் சொல்லாமலே பெயரை வைத்துக் கண்டுகொள்ளலாம்.

இவ்வளவு அழகான ஏற்பாட்டில் ஒரு குறையும் இருக்கிறது, அதைச் சொல்லாமல் விடக்கூடாது. தலைமுறை எழுத்து வழக்கமாக மகன்களுக்கே உரியது. மகள்களுக்கு அது கிடைப்பது அரிதாகவே இருந்தது. பழைய ஜொக்போக்கள் பலவற்றில் மகளின் பெயருக்குப் பதில் மருமகனின் பெயரே இருக்கும். இன்றைய இளம் பெற்றோர் பலர் தலைமுறை எழுத்தைக் கைவிட்டு, காதுக்கு இனிமையாக இருப்பதைத் தேடுகிறார்கள். மின்ஜுன் அலை எழுந்ததற்கு அந்த விடுதலையும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

இப்படிப் பெயர் ரசனை காலத்துக்குக் காலம் மாறுவதால், பெயரைக் கேட்டே வயதை ஓரளவு ஊகிக்கலாம். பதிவேட்டுக் கணக்கில் 1948ல் முதலிடம் யோங்சு. அதை எழுதும் வழிகளில் ஒன்றுக்கு நீண்ட ஆயுள் என்று பொருள். 1968ல் சோங்ஹோ, 1978ல் ஜோங்ஹுன், 1988ல் ஜிஹுன், 1998ல் தோங்ஹ்யொன், 2008ல் மின்ஜுன். நல்ல கதாசிரியர் தாத்தா பாத்திரத்துக்கு மின்ஜுன் என்று பெயர் வைக்கமாட்டார். வைத்திருந்தால் அதில் ஏதோ செய்தி இருக்கிறது.

எழுத்தைத் தேர்ந்தெடுப்பதற்கென்றே ஜக்மியொங்சோ என்னும் பெயர் நிலையங்கள் உண்டு. குழந்தை பிறந்த ஆண்டு, மாதம், நாள், நேரம் ஆகிய நான்கையும் வைத்து, ஐம்பொருளில் எது குறைவு என்று கணிப்பார்கள். நீர் குறைந்த பிள்ளைக்கு நீர்த்துளி நிற்கும் ஜுன், நெருப்பு குறைந்தவனுக்குச் சூரியன் நிற்கும் ஜுன். கோடுகளின் எண்ணிக்கையும் கணக்கில் வரும். நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். ஆனால் எந்த ஜுன் என்ற கேள்விக்கு ஒரு வீட்டில் கிடைத்த விடை இப்படித்தான் வந்திருக்கும் என்று தெரிந்தால் பெயர் இன்னும் நெருக்கமாகும்.

எழுத்து அப்படியே இருக்க, வாசிப்பை மட்டும் பறித்துக்கொண்ட காலமும் உண்டு. 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் மாரத்தான் தங்கம் வென்றவர் சோன் கிஜொங். கொரியா அப்போது ஜப்பானிய ஆட்சியில் இருந்ததால் ஒலிம்பிக் பதிவேட்டில் அவர் பெயர் ‘சோன் கிதெய்’. அதே மூன்று ஹன்ஜா, ஜப்பானிய உச்சரிப்பு. கையெழுத்துக் கேட்டவர்களுக்கு அவர் ஹங்குலில் தன் பெயரை எழுதிக் கொடுத்தார். 1940ல் ஜப்பானிய முறைக் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ளும்படி அரசு மக்களை நெருக்கியது. விடுதலைக்குப் பின் 1946ல் பழைய பெயர்கள் சட்டப்படி திரும்பின. வம்சாவளி ஏட்டில் தலைமுறை எழுத்தைக் காத்துவந்த வீடுகளுக்கு அந்த ஆறு ஆண்டுகள் எப்படி இருந்திருக்கும்! பெயரைப் பற்றிக் கொரியர்கள் ஏன் அவ்வளவு அக்கறையோடு பேசுகிறார்கள் என்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

கடைசியாக, காதுக்கு உரிய ரசனை. நண்பர்களும் பெரியவர்களும் செல்லமாகக் கூப்பிடும்போது மெய்யில் முடியும் பெயரோடு ‘ஆ’ சேரும், மின்ஜுனா. உயிரில் முடிந்தால் ‘யா’, மின்ஹோயா. அதிகப் பழக்கம் இல்லாதவர் ‘மின்ஜுன் ஷி’ என்பார். தன்னைவிட மூத்தவரை வெறும் பெயர் சொல்லி யாரும் அழைப்பதில்லை. ஆண், மூத்தவனை ‘ஹ்யொங்’ என்பான். பெண், ‘ஒப்பா’ என்பாள். குழந்தை பிறந்துவிட்டால் பெற்றோரின் பெயரே பின்னுக்குப் போய், ‘மின்ஜுன் அம்மா’, ‘மின்ஜுன் அப்பா’ என்ற பொருளில் கூப்பிடுவது வழக்கம். தொடரில் ‘ஷி’ என்பது ‘ஆ’வாக மாறும் காட்சியைக் காத்திருந்து கேளுங்கள். வசனம் எதுவும் சொல்லாமலே உறவு ஒரு படி நெருங்கிவிட்டது என்பது அந்த ஓரெழுத்தில் தெரிந்துவிடும். மொழிமாற்றிய பதிப்பில் இது முழுவதும் தொலைந்துபோகிறது. அதனால் அசல் ஒலியோடு பார்ப்பதே நல்லது.

எல்லாப் பெயருக்கும் ஹன்ஜா இருக்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம். ஹானுல் (வானம்), ஹிம்சான் (வலிமை நிறைந்தவன்) போன்ற தூய கொரியப் பெயர்களை ஹங்குலில் மட்டுமே எழுதுவார்கள்.

சென்னையிலும் ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பக்கத்திலும் கொரியர்களோடு வேலை பார்ப்பவர்கள் நம்மில் நிறையப் பேர். குடும்பப் பெயரோடும் பதவியோடும் மரியாதையாக அழைத்துப் பழகுங்கள். பழக்கம் கொஞ்சம் முற்றியதும், ஒரு தேநீர் இடைவேளையில் உங்கள் பெயருக்கு எந்த ஹன்ஜா என்று கேளுங்கள். ஒரு தாளும் பேனாவும் கையில் வைத்திருங்கள், எழுதிக் காட்டச் சொல்லலாம்.