இரண்டு பேர், ஒரு பாட்டு: ரெண்டு கணக்குமே தப்பு

'மக்கரேனா' வீடியோவை ஒருமுறை திரும்பப் போட்டுப் பாருங்கள். வெள்ளைப் பின்னணியில் இளம்பெண்கள் ஆடுகிறார்கள். கையை நீட்டி, திருப்பி, தோளில் வைத்து, தலைக்குப் பின்னால் கொண்டுபோய், இடுப்பைச் சுழற்றுகிற அந்த ஆட்டம் நமக்குத் தெரியும். நடுநடுவே கோட்டு சூட்டோடு மைக் முன்னால் ரெண்டு பேர் நிற்பார்கள், கவனித்திருக்கிறீர்களா? ஐம்பதை நெருங்குகிற வயசு. கல்யாண வீட்டுக்கு வந்து, டான்ஸ் ஃப்ளோரில் மாட்டிக்கொண்ட பெரியப்பாக்கள் மாதிரி இருப்பார்கள். பாட்டு அவர்களுடையதுதான்.

லாஸ் டெல் ரியோ. அந்தோனியோ ரொமேரோ, ரஃபாயெல் ரூயிஸ். தெற்கு ஸ்பெயினில் செவில்யா நகரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் தோஸ் எர்மானாஸ் ஊர்க்காரர்கள். உலகம் அவர்களை 'ஒன் ஹிட் வொண்டர்' பட்டியலில் போட்டு மூடிவிட்டது. ஒரே பாட்டு, அதுவும் காமெடிப் பாட்டு, அவ்வளவுதான் என்று. எனக்கு இந்தத் தீர்ப்பில் ஒப்புதல் இல்லை.

முதலில், ஒரு பாட்டு என்ற கணக்கு. அறுபதுகளிலிருந்தே இவர்கள் ஜோடியாகப் பாடுகிறவர்கள். செவில்யாவின் ஏப்ரல் திருவிழாவில் கைதட்டி ஆடுகிற 'செவில்யானாஸ்' இவர்களுடைய சொந்த மண். அந்த நகரத்தின் தனி நிறத்தைப் பற்றி அவர்கள் பாடிய பாட்டு ஸ்பெயினில் ஊரறிந்தது. நம் காதுக்கு ஒன்றுதான் வந்து சேர்ந்தது. அது நம் காதின் எல்லை. அவர்கள் தலையில் ஏன் கட்ட வேண்டும்?

அடுத்தது, இரண்டு பேர் என்ற கணக்கு. இதுதான் எனக்கு முக்கியம்.

1992இல் வெனிசுவேலாவின் கராகஸில் ஒரு விருந்து. டயானா பத்ரீசியா குபியான் என்ற ஃப்ளமெங்கோ கலைஞர் ஆடுகிறார். அதைப் பார்த்து அசந்துபோன அந்தோனியோ, உடம்பு சந்தோஷத்துக்காகத்தான் இருக்கிறது, ஆடு பெண்ணே என்கிற மாதிரி ரெண்டு வரி அங்கேயே எடுத்துவிடுகிறார். அதுதான் பல்லவி ஆனது. 1993இல் வந்த மூலப் பாட்டு கைதட்டும் கிதாருமாக ஓடுகிற ரும்பா. கதை இதுதான்: காதலன் பட்டாளத்தில் சேர்ந்து கொடி முன்னால் உறுதிமொழி எடுக்கிறான், மக்கரேனா அந்த நேரம் பார்த்து அவனுடைய ரெண்டு நண்பர்களோடு போய்விடுகிறாள். பாடுகிறவர்கள் அவளைத் திட்டவில்லை, ரசிக்கிறார்கள். ஆனாலும் அது ரெண்டு ஆம்பளைகள் திண்ணையில் உட்கார்ந்து ஒரு பெண்ணைப் பற்றிப் பேசுகிற பேச்சு. அவளுக்கு அதில் வாய் கிடையாது.

அந்த வாயைக் கொடுத்தது மயாமியின் 'பேசைட் பாய்ஸ்' செய்த ரீமிக்ஸ். கார்லா வனெஸா என்ற பாடகி ஆங்கிலத்தில் பாடும்போது கதை 'நான்' என்று மாறுகிறது. செய்ததை அவளே சொல்கிறாள், கூச்சமில்லாமல். நடுவில் கேட்கிற அந்தச் சிரிப்பு 1982இல் யாஸூ குழுவின் 'சிச்சுவேஷன்' பாட்டில் அலிசன் மோயே சிரித்தது, வெட்டி ஒட்டியிருக்கிறார்கள். வீடியோவின் ஆட்டத்தை வடிவமைத்தவர் மியா ஃப்ரை. ஆக, ஒருத்தி ஆடிய ஆட்டம், ஒருத்தியின் குரல், ஒருத்தியின் சிரிப்பு, ஒருத்தியின் அசைவுகள். அட்டையில் முன்னால் நிற்கும் பேர் மட்டும் ரெண்டு பெரியவர்களுடையது.

ரீமிக்ஸில் இழந்ததும் உண்டு. கிதார் பின்னால் போய், டிரம் மெஷின் எல்லாவற்றையும் தட்டையாக்கிவிடுகிறது. மூலத்தில் இருக்கிற வியர்வை வாசனை இதில் இல்லை. ஆனால் மூலத்தை மட்டும் கேட்டால் மக்கரேனா யாரோ சொன்ன வம்புக்கதையாகவே நின்றிருப்பாள். எனக்கு ரீமிக்ஸ்தான் ஒரு படி மேல்.

அந்த ரீமிக்ஸ் 1996 ஆகஸ்ட் முதல் 14 வாரம் பில்போர்டில் முதலிடத்தில் இருந்தது. அதே ஆகஸ்டில் சிகாகோவில் ஜனநாயகக் கட்சி மாநாடு. பிரதிநிதிகள் கூட்டம் கூட்டமாக ஆடினார்கள். துணை ஜனாதிபதி அல் கோர் மேடையில் மரம் மாதிரி அசையாமல் நின்றுவிட்டு, இதுதான் என் மக்கரேனா என்று தன்னையே கிண்டலடித்துக்கொண்டார். கொடிகள் நிறைந்த அரங்கம் அது. கொடி முன்னால் நிற்கிறவனை ஏமாற்றிவிட்டுப் போகிற பெண்ணின் பாட்டுக்கு அங்கே எல்லோரும் சேர்ந்து இடுப்பை ஆட்டியிருக்கிறார்கள். எத்தனை பேர் வார்த்தையைக் கேட்டிருப்பார்கள்?

நாமும் கேட்கவில்லையே. ஆடினோம், சலித்தது, பிறகு சிரித்தோம். அந்தச் சிரிப்பு முழுக்க கோட்டு போட்ட அந்த ரெண்டு பேர் மேல் விழுந்தது. புகழை அவர்கள் பெயரில் எழுதியது மாதிரியே கேலியையும் அவர்கள் பெயரிலேயே எழுதிவிட்டோம்.

அடுத்த முறை எங்காவது இந்தப் பாட்டு போட்டால் ஆடுங்கள், தப்பில்லை. அந்தச் சிரிப்பு வரும் இடத்தில் மட்டும் கொஞ்சம் காது கொடுங்கள்.