இரும்புக்கை மாயாவி

விசைத்தறிகளின் ஓசை கேட்டு வளரும் பொதட்டூர்பேட்டைப் பிள்ளைகளுக்கு, மின்சாரமென்பது தறியை ஓட்டும் சக்தி, அஜாக்கிரதையாய்த் தொட்டால் உயிரைக் குடிக்கும் சக்தி என்ற அளவிலேயே பரிச்சயமாயிருக்க, அதே மின்சாரத்தை உடலில் ஏற்றுக்கொண்டு அரூபியாகிவிடும் ஒருவனிடம் மோகம் பிறந்தால் அதில் ஆச்சரியமென்ன? (பரீட்சித்துப் பார்க்கத் தக்க வித்தையல்ல என்பதைச் சொல்லிவிடுகிறேன்.)

1962-இல் இங்கிலாந்தின் ‘வேலியண்ட்’ வாரப் பத்திரிகையில், ஸ்பெயின் தேசத்து ஓவியர் பிளாஸ்கோவின் சித்திரங்களில் ஜனித்த லூயிஸ் கிராண்டல், 1972-இல் சிவகாசி முத்து காமிக்ஸின் முதல் வெளியீட்டில் ‘இரும்புக்கை மாயாவி’யாகத் தமிழ் பேசத் தொடங்கினான். விபத்தொன்றில் வலக்கையை இழந்து இரும்புக்கை பொருத்திக்கொண்ட ஆய்வுக்கூட உதவியாளன் அவன். முதற்கதையில் துர்மார்க்கத்தில் இறங்கியவனே பிற்பாடு நிழற்படை என்னும் உளவு அமைப்பின் ஒற்றனாகிறான். பிறவியிலேயே உத்தமர்களான வீரர்களைவிட இவன் எனக்கு நெருக்கமானவன்.

தேகம் முழுதும் மறைந்தாலும் இரும்புக்கை மட்டும் மறையாது என்ற நிபந்தனையில்தான் கற்பனையின் மேதை இருக்கிறது. கறுப்பு வெள்ளைக் கோடுகளுக்கிடையே அந்தரத்தில் மிதக்கும் அந்த ஒற்றைக் கரத்தைக் கொண்டே, காணாத முகத்தின் கோபத்தையும் தாபத்தையும் பிளாஸ்கோ உணர்த்திவிடுகிறார். வேல் ஒன்றை நட்டு, அதிலேயே முருகனைக் கண்டுகொள்ளும் தணிகை வட்டாரத்து வாசகனுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மேலங்கி விரித்துப் பறக்கும் அமெரிக்க வீரர்களெல்லாம் இவனுக்குப் பின்னரே என்பது என் கட்சி.