நிலம் செதுக்கிய வண்டு

தரைவண்டை அடையாளம் காண நிறத்திலிருந்து தொடங்குகிறவர்கள் ஏமாந்துபோவார்கள். நடையிலிருந்து தொடங்க வேண்டும். மழை ஓய்ந்த மறுநாள் அந்தியில் முட்புதர்க் காட்டின் ஒற்றையடிப் பாதையில் இரண்டு பெரிய கறுப்பு வண்டுகள் எதிர்ப்படுகின்றன என்று வைத்துக்கொள்வோம். ஒன்று அடிமேல் அடி வைத்து ஊர்ந்துபோகிறது, தொட்டால் நின்றுவிடுகிறது. மற்றது உடலைத் தரையிலிருந்து தூக்கிப் பிடித்தபடி நீண்ட கால்களால் விரைகிறது, சட்டென நிற்கிறது, உணர்கொம்பால் துழாவுகிறது, மறுபடி விரைகிறது. முதலாவது சருகையும் மக்கலையும் தின்று வாழும் டெனிபிரியோனிடே குடும்பத்தது. இரண்டாவது காராபிடே குடும்பத்தது, வேட்டைக்காரத் தரைவண்டு. பத்தடி தூரத்திலிருந்தே இந்த வேறுபாட்டைச் சொல்லிவிடலாம்.

கையில் எடுத்துப் பார்க்க வாய்த்தால் உறுதி செய்யச் சில அடையாளங்கள் உண்டு. தரைவண்டின் உணர்கொம்பு பதினொரு கணுக்கள் கொண்ட மெல்லிய இழை. கண்ணுக்கும் தாடைக்கும் நடுவே முளைத்திருக்கும். ஆறு கால்களின் பாதத்திலும் ஐந்தைந்து கணுக்கள். டெனிபிரியோனிடே வண்டுக்குப் பின்கால் பாதத்தில் நான்குதான். அதன் உணர்கொம்பும் பெரும்பாலும் மணி கோத்ததுபோல் இருக்கும். மல்லாக்கத் திருப்பினால் மறுக்கமுடியாத சான்று கிடைக்கும். பின்காலின் அடித்துண்டு உடலோடு அசையாமல் இறுகி, வயிற்றின் முதல் வளையத்தை நடுவில் வெட்டி இரண்டாகப் பிரித்திருக்கும். அதையொட்டி அவரைவிதை வடிவில் ஒரு புடைப்பு. எனக்கு மிகவும் பிடித்தது முன்கால் முழங்காலுக்குக் கீழே உட்புறத்தில் உள்ள சிறு வெட்டு. உணர்கொம்பை அதற்குள் இழுத்துவிட்டு வண்டு துடைத்துக்கொள்ளும். மோப்பத்தாலும் தொடுகையாலும் இரை தேடும் உயிருக்கு உணர்கொம்பில் மண் ஒட்டியிருந்தால் பிழைப்பு இல்லை. சுத்தம் செய்யும் கருவியைக் காலிலேயே வைத்திருக்கிறது.

இந்தக் குடும்பத்தில் உலகெங்கும் சுமார் 40,000 இனங்கள் உண்டு. நம் வறண்ட நிலத்தில் அவற்றின் அரசன் என்று நான் சொல்வது ஆந்தியா செக்ஸ்குட்டேட்டாவை. சுமார் 4 செ.மீ. நீளம், மங்கல் கறுப்பு, அதன்மேல் ஆறு வெண்புள்ளிகள்: முன்மார்புக் கவசத்தில் இரண்டு, மூடிய மேற்சிறகுகளில் நான்கு. புள்ளிகள் சாயம் அல்ல. நெருங்கி வளர்ந்த வெண்மயிர்க் குச்சங்கள். அதனால் வயதான வண்டில் தேய்ந்து மங்கிப்போவதும் உண்டு. புள்ளியை எண்ணி மட்டும் பெயர் சொல்லக்கூடாது என்று நான் வற்புறுத்துவதற்குக் காரணம் இதுதான். இதயவடிவ முன்மார்பு, முன்னே நீட்டிய கத்திரித் தாடை, உயர்ந்த கால்கள், இவை தேய்வதில்லை.

செஞ்சிக் குன்றுகளின் அடிவாரம் போன்ற இடங்களுக்கு உரிய உடல் அது. பாறை, கள்ளி, சூரைப்புதர், நடுநடுவே வெறும் செம்மண். இப்படிப்பட்ட திறந்த தரையில் பகலின் சூடு மண்ணில் வெகுநேரம் தங்கும். உடலைத் தூக்கி நடக்கும் கால்கள் அந்தச் சூட்டிலிருந்து வயிற்றை விலக்கிவைக்கின்றன. தடையில்லாத தரை ஓட்டத்துக்கு இடம் கொடுக்கிறது. ஒளிய இடம் குறைவு என்பதால் ஒளிவதைவிட எச்சரிப்பது லாபம். வெள்ளைப் புள்ளி அந்த எச்சரிக்கை. வால்முனைச் சுரப்பிகளிலிருந்து ஃபார்மிக் அமிலத்தைப் பீய்ச்சி அடிக்கும் திறன் இதற்கு உண்டு. கண்ணில் பட்டால் கடுமையாக எரியும். ஆகவே குனிந்து முகத்தருகே வைத்துப் பார்க்க வேண்டாம். ஒரு கண்ணாடிக் குவளையைக் கவிழ்த்துப் பார்த்துவிட்டு விடுவதே இருவருக்கும் நல்லது.

அந்த எச்சரிக்கை எவ்வளவு மதிப்புள்ளது என்பதற்கு அதே காட்டில் ஓர் அழகான சாட்சி இருக்கிறது. தென்னிந்தியப் புதர்க்காடுகளின் சருகுக்கடியில் வாழும் தேரியா பெட்டிவெரியானா என்னும் கரப்பான், கறுப்பு உடலில் ஏழு வெண்புள்ளிகள் கொண்டது. ஆந்தியாவின் தோற்றத்தைப் போலிசெய்து பகைவரிடமிருந்து தப்புகிறது என்பது ஆய்வாளர்களின் கணிப்பு. லின்னேயஸே 1758இல் இதை வண்டு என்று எண்ணி காசிடா என்னும் வண்டுப் பேரினத்தில் சேர்த்தார். பழகிய கண்ணுக்கு வேறுபாடு தெளிவு: கரப்பானின் உடல் வட்டமாக, தட்டையாக இருக்கும், தலை கவசத்துக்கடியில் மறைந்திருக்கும், வண்டின் இடுக்கித் தாடை அதற்கு இல்லை.

ஆந்தியாவின் உறவினர்களில் பெரும்பாலானவை ஆப்பிரிக்காவில் உள்ளன. கலஹாரிப் பாலையில் இதைவிட வியப்பான போலி ஒன்று நடக்கிறது. ரேமண்ட் ஹியூயும் எரிக் பியாங்காவும் 1977இல் எழுதியது இது: அங்குள்ள ஒரு பல்லியினத்தின் குஞ்சுகள் கரிய உடலில் வெண்குறிகளோடு பிறக்கின்றன, முதுகை வளைத்து, கால்களை விறைத்து, தரைவண்டைப் போலவே வெட்டிவெட்டி நடக்கின்றன. வண்டின் அளவைத் தாண்டி வளர்ந்ததும் மணல்நிறத்துக்கு மாறி, மற்றப் பல்லிகளைப்போல் நெளிந்து ஓடத் தொடங்குகின்றன. முதுகெலும்புள்ள ஓர் உயிர், பூச்சியின் நிறத்தோடு நடையையும் கடன் வாங்குகிறது. நடையே முதல் அடையாளம் என்று நான் சொன்னதைக் கலஹாரியின் பறவைகளும் ஒப்புக்கொள்ளும் போலும்.

ஆந்தியாவைப் பார்த்துப் பழகிய கண்ணோடு ஆற்றங்கரை மணலுக்குப் போனால் வேறு உடல் கிடைக்கும். ஸ்காரைட்டிஸ் பேரினத்து வண்டுகள் பளபளக்கும் கறுப்பு. முன்மார்புக்கும் வயிற்றுக்கும் இடையே இடுப்பு ஒடுங்கிக் காம்புபோல் ஆகியிருக்கும். மண்ணுக்குள் வளைவில் திரும்பும்போது உடல் மடங்க அது உதவுகிறது. முன்கால்கள் அகன்று, பல்போல் முட்கள் நீட்டி, தோண்டுவதற்கென்றே ஆனவை. இந்தக் கால்களோடு செம்மண் தரையில் ஆந்தியாவின் பின்னால் ஓட முடியாது. ஆந்தியாவின் கால்களோடு மணலைத் துளைக்கவும் முடியாது.

குளக்கரையின் ஈரமண்ணிலும் வயலோரத்துக் கற்களின் அடியிலும் ஃபெரோப்சோஃபஸ் என்னும் தரைவண்டு இருக்கும். மஞ்சளும் கறுப்பும் கலந்த இதைக் கிளறினால் பட்டென்று ஒலி கேட்கும், புகைபோல் ஆவி எழும். வயிற்றுக்குள் ஓர் அறையில் ஹைட்ரோகுவினோன்களும் ஹைட்ரஜன் பெராக்சைடும் சேமிப்பில் உள்ளன. அடுத்த அறையில் நொதிகள். கலந்த நொடியில் கொதிநிலையை ஒட்டிய சூட்டில் பீய்ச்சு வெளிப்படுகிறது. தாமஸ் ஐஸ்னரும் உடனிருந்தோரும் 1990இல் வெளியிட்ட ஆய்வு, இந்தவகை வண்டின் பீய்ச்சு ஒரே ஓட்டமாக வராமல் நொடிக்குச் சுமார் 500 துடிப்புகளாக வருவதைக் காட்டியது. ஆனால் எனக்கு இதைவிடச் சுவை தருவது இளமைப் பருவம்தான். ஜப்பானில் ஆராயப்பட்ட ஒரு ஃபெரோப்சோஃபஸ் இனத்தின் புழு, பிள்ளைப்பூச்சியின் முட்டைகளைத் தின்றே வளர்கிறது. ஈரமண் இல்லையென்றால் பிள்ளைப்பூச்சி இல்லை. பிள்ளைப்பூச்சி இல்லையென்றால் இந்தப் புழுவுக்குச் சோறு இல்லை. வளர்ந்த வண்டை எந்தக் கரையில் தேடவேண்டும் என்பதை முட்டையிடும் தாயே முடிவு செய்துவிடுகிறது.

உணவும் உடலைச் செதுக்கும். ஜப்பானில் நத்தை தின்னும் டாமாஸ்டர் பிளாப்டாய்டஸ் என்னும் பெருந்தரைவண்டு, பல இடங்களில் ஒடுங்கிய நீள் தலையும் மார்பும் கொண்டது. ஓட்டின் வாய்க்குள் தலையை நுழைத்துத் தின்கிறது. சாடோ தீவில் உள்ளவை பருத்த தலைக்காரர்கள், ஓட்டையே உடைத்துவிடுகின்றன. நுழைவதற்கு ஏற்ற தலை உடைக்க ஆகாது, உடைக்கும் தலை நுழையாது. மலேசிய, இந்தோனேசிய மழைக்காடுகளின் மோர்மோலைசி என்னும் வண்டு, மரத்தில் வளரும் தட்டுக் காளான்களின் இடுக்கில் வாழ்வது. அதற்கேற்ப உடல் ஓலைபோல் தட்டையாகி, மேற்சிறகின் விளிம்புகள் இருபுறமும் ஒளி ஊடுருவும் இதழ்களாக விரிந்திருக்கின்றன. தரைவண்டுக் குடும்பத்தில் தரையை விட்டுவிட்ட உறுப்பினர் என்பதால் அதை இங்கே சேர்த்தேன்.

இவ்வளவையும் பார்த்த பிறகுதான் நுண்ணழகுக்கு வரவேண்டும். இந்தியத் தரைவண்டுகளை முறையாகப் படிக்க விரும்புகிறவர்கள் ஹெர்பர்ட் எட்வர்ட் ஆன்ட்ரூஸிடம் போகாமல் முடியாது. இந்திய வனப்பணியில் இருந்தவர். ஃபானா ஆஃப் பிரிட்டிஷ் இந்தியா வரிசையில் இக்குடும்பத்துக்கு 1929இலும் 1935இலும் இரண்டு தொகுதிகள் எழுதினார். வரிக்கு வரி அளவும் வடிவமுமாக நகரும் நடை. முதல் வாசிப்பில் சலிக்கும். வண்டை லென்சின் கீழ் வைத்துக்கொண்டு படித்தால் அதே வரிகள் உயிர்பெறும். மேற்சிறகில் நீளவாக்கில் ஓடும் வரிப்பள்ளங்கள் எத்தனை, எந்தப் பள்ளத்தருகே ஒற்றை மயிர் முளைக்கும் குழி இருக்கிறது, பரப்பில் கண்ணுக்குத் தெரியாத வலைப்பின்னல் சதுரமா குறுக்குக்கோடா என்றெல்லாம் அவர் கவனிக்கிறார். அந்தக் குறுக்குக்கோடுகள் மிக நெருங்கி ஓடும் இனங்களில் ஒளி சிதறி, கறுப்பு உடலில் வானவில் ஓடும். அந்த வானவில்லுக்கு நிறமி எதுவும் கிடையாது, கோடுகள்தான் நிறம்.

இனி சிறகு. மேற்சிறகு கவசமாகிவிட்ட பிறகு பறப்பதற்கு உள்ளே மெல்லிய பின்சிறகு வேண்டும். பெருந்தரைவண்டுகள் பலவற்றில் அது குறுகி மறைந்துவிட்டது. ஸ்வீடனின் கார்ல் லிண்ட்ரோத் வடஐரோப்பிய இனங்களை ஆராய்ந்தபோது, ஒரே இனத்திலேயே சிறகுள்ளவையும் இல்லாதவையும் இருப்பதையும், வெகுகாலம் ஓரிடத்தில் நிலைத்த கூட்டங்களில் சிறகற்றவை மிகுந்திருப்பதையும் கவனித்தார். புதிதாகக் குடியேறியவற்றில் சிறகுள்ளவை அதிகம். அதாவது பறக்காத வண்டு நிறைந்த நிலம் நெடுங்காலம் குலையாமல் இருந்த நிலம். அந்நிலம் ஒருமுறை குலைந்தால் பறந்துபோய் வேறிடம் தேட அதற்கு வழியில்லை. ஒரு தார்ச்சாலையே அதற்கு ஆறு.

அதனால்தான் முட்புதர்க் காடுகளைத் தரிசு என்று எழுதுவது எனக்குப் பொறுக்கவில்லை. இந்தியாவின் தரிசுநிலப் படத்தொகுப்பில் புதர் மண்டிய நிலம் ஒரு தரிசு வகையாகவே இடம்பெறுகிறது. அந்தப் பெயர் விழுந்ததும் குழி தோண்டி வரிசையாக மரக்கன்று நடுவதும், கல் அகற்றிச் சமன் செய்வதும் நற்செயல்கள் ஆகிவிடுகின்றன. நிழல் விழுந்து சருகு மூடிய தரையில் திறந்தவெளி ஓட்டக்காரனுக்கு வேலையில்லை; அது அடைக்கலம் கொள்ளும் கல்லும் போய்விட்டது. மரம் நடுவதற்கு எதிரி அல்ல நான். ஆந்தியா ஓடும் செம்மண்ணில் நடவேண்டாம் என்கிறேன், அவ்வளவுதான்.

பார்க்கப் போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். மழைக்குப் பிந்திய நாட்கள் நல்லவை. டார்ச்சை இடுப்புயரத்தில் பிடித்துத் தரையோடு சாய்த்து அடித்தால் ஓடும் உடலின் நிழல் முதலில் தெரியும். முழு உடல் மேலிருந்து ஒரு படம், பக்கவாட்டில் ஒரு படம், தலையும் உணர்கொம்பும் தெரிய ஒரு படம் என எடுத்தால் பேரினம் வரை பெரும்பாலும் சொல்லிவிடலாம். அதோடு வண்டு நின்ற தரையையும் ஒரு படம் எடுங்கள்: மண்ணின் நிறம், ஈரம், பக்கத்துச் செடி, கல். கல்லைப் புரட்டுகிறவர்கள் எதிர்ப்புற விளிம்பைத் தங்கள் பக்கமாகத் தூக்குங்கள். அடியில் தேளோ பாம்போ இருந்தால் கல்லே நடுவில் மறைப்பாக நிற்கும். பார்த்து முடிந்து வண்டு ஒதுங்கியதும் கல்லை எடுத்த அதே பள்ளத்தில், மேல்பக்கம் மேலாகவே வையுங்கள். கல்லின் அடிப்பக்க ஈரம் வெயில்பட்டு ஒருமுறை உலர்ந்துவிட்டால் அங்கே வேறு குடித்தனம் சேர நாளாகும்.