கடல் ஏன் நீலம்?

கொருக்குப்பேட்டை இரயில்வே கேட்டில் நின்று பழகியவர்களுக்குப் பொறுமை தானே வந்துவிடும். சரக்கு வண்டி ஒன்று கடந்து முடிவதற்குள் மாலைச் சூரியன் தண்டவாளங்களுக்கு அப்பால் ஒரு விரற்கடை இறங்கியிருக்கும். லாரிப் புழுதியும் ஆலைப் புகையும் மண்டிய எங்கள் பகுதி வானத்தில் அச்சூரியன் செக்கச் சிவந்து, கண் கூசாமல் பார்க்கத்தக்க வட்டமாய் நிற்கும். இத்தனை அழுக்கான காற்றுக்கு இத்தனை அழகு எவ்வாறு வாய்த்தது என்று நான் வியந்ததுண்டு. அன்றைய மாலையே ஆலயத்தில் நற்கருணை ஆசீர் நடக்குமானால், தூபக் கலசத்திலிருந்து எழும் புகையைச் சற்றே கவனியுங்கள். பீடத்தின் பின்புற இருளுக்கு எதிரே அது இளநீலமாய்த் தோன்றும். சன்னல் வெளிச்சத்துக்கு எதிரே சென்றதும் மங்கிய பழுப்பாகிவிடும். புகை ஒன்றே, ஒளி நம் கண்ணை வந்தடையும் வழிதான் வேறு. குறைந்த அலைநீளமுடைய நீல ஒளி நுண்துகள்களில் பட்டு மிகுதியாய்ச் சிதறுகிறது. சிவப்பு பெரும்பாலும் நேரே கடந்து வருகிறது. அலைநீளம் பாதியானால் சிதறல் பதினாறு மடங்காகும் என்று இங்கிலாந்தின் ரேலி பிரபு 1871இல் கணக்கிட்டுக் காட்டினார்.

இவ்வெண்ணங்களை என்னுள் மீண்டும் கிளறிவிட்டது சுப்பிரமணியன் சந்திரசேகரின் ‘உண்மையும் அழகும்’ என்னும் ஆங்கில நூல். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று, 1983இல் நோபெல் பரிசு பெற்ற வானியற்பியல் மேதை அவர். அறிவியலில் அழகுணர்வுக்குள்ள இடத்தையும் அறிவியலாரை உந்தும் நோக்கங்களையும் பற்றி வெவ்வேறு காலங்களில் அவர் ஆற்றிய ஏழு சொற்பொழிவுகளைச் சிகாகோ பல்கலைக்கழகம் 1987இல் நூலாக்கியது. அவற்றுள் தலையாயது, ஷேக்ஸ்பியர், நியூட்டன், பேத்தோவன் ஆகிய மூவரையும் ஒப்பிட்டு 1975இல் ஆற்றிய உரை. கவிஞனும் இசைமேதையும் இறுதிவரை வளர்ந்துகொண்டே செல்ல, அறிவியல் மேதைகள் பலர் இளமையிலேயே சிகரம் தொட்டு நின்றுவிடுவது ஏன் என்பதே அங்கு அவர் எழுப்பும் வினா. கவிதைக்காக வாதாட ஷெல்லி எழுந்தது போல் அறிவியலுக்காக வாதாட அதே தரத்தில் ஓர் அறிவியலார் ஏன் எழவில்லை என்றும் வினவுகிறார். தீர்ந்த விடை எதையும் அவர் தரவில்லை. அதுவே அவ்வுரையின் நேர்மை.

ஆயினும், நூல் முழுவதும் ஓடும் ஒரு நம்பிக்கையோடு எனக்குப் பிணக்கு உண்டு. அழகு உண்மைக்கு வழிகாட்டும் என்பது அந்நம்பிக்கை. பொதுச் சார்பியல் கோட்பாட்டைப் பேசும்போது அவர் நடையிலேயே ஒருவகை வழிபாட்டுணர்வு ஏறிவிடுகிறது. 1963இல் கெர் என்பார் கண்ட சமன்பாட்டுத் தீர்வு, விண்ணில் சுழலும் கருந்துளை ஒவ்வொன்றையும் நிறை, சுழற்சி என்னும் இரண்டே அளவுகளால் பிழையற விவரித்துவிடுகிறது. மனித மனம் கணிதத்தில் தேடிய அழகுக்கு இயற்கையில் இப்படியொரு நேர்ப்படி கிடைத்ததைக் கண்டு அவர் நடுங்கினார். அந்நடுக்கத்தை நான் ஐயுறவில்லை. ஆனால் நவீன இயற்பியலை ஈன்ற கற்பனை இத்தகைய உயர்ந்த அழகைக் கண்டு மெய்ம்மறப்பது மட்டும்தானா?

நம் மொழியில் ‘கற்பனை’ என்னும் சொல்லுக்கு இரட்டைப் பிழைப்பு. கவிஞனிடம் அது பெருமை. சாட்சிக் கூண்டில் அது பொய். அறிவியலார் கற்பனை செய்கிறார் என்றால் பலர் முகம் சுளிப்பதற்கு இந்த இரண்டாம் பொருளே காரணம். ஆனால் பதினாறு வயதில், ஒளிக்கதிரோடு ஓடிச் சென்று அதைப் பக்கத்திலிருந்து பார்த்தால் எப்படியிருக்கும் என்று எண்ணிப் பார்த்த ஐன்ஸ்டைனிடம் இருந்தது பொய்யுமன்று, அலங்காரமுமன்று. இல்லாததை எண்ணி, அவ்வெண்ணத்தின் விளைவுகளுக்குக் கடைசிவரை கட்டுப்பட்டு நடப்பது அது. அவ்வினாவின் விடையாக 1905இல் சிறப்புச் சார்பியல் வந்தது.

நமக்கு இன்னும் அணுக்கமான உரைகல் சந்திரசேகரின் குடும்பத்திலேயே உண்டு: அவருடைய சிறிய தந்தை சர் சி. வி. இராமன். அவரது கதை நம் பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்லப்படுகிறது? கப்பலில் வந்தார், மத்தியதரைக் கடலின் நீலத்தைக் கண்டார், வியந்தார், நோபெல் பரிசு பெற்றார். மூன்று நான்கு வரிகளில் முடிந்துவிடும் இக்கதையில் வியப்பு இருக்கிறது, வேலை இல்லை. நியூட்டனின் ஆப்பிளுக்கு நேர்ந்த கதியே இதற்கும் நேர்ந்தது.

நடந்தது வேறு. இராமனின் முதல் ஆய்வுக் கட்டுரை 1906இல், அவர் மாநிலக் கல்லூரி மாணவராயிருந்தபோதே, இலண்டன் இதழொன்றில் வெளிவந்தது. செவ்வகத் துளை வழியே செல்லும் ஒளி விளிம்பில் வளைந்து உண்டாக்கும் பட்டைகளைப் பற்றியது அது. ஒளியின் இவ்வளைவைக் கண்டு பெயரிட்டவர் இயேசு சபைக் குரு கிரிமால்டி. அவர் நூல் அவர் மறைந்த இரண்டாண்டுக்குப் பின், 1665இல் வெளியானது. 1907இல் இராமன் நிதித்துறை அலுவலராய்க் கல்கத்தா சென்று, அலுவல் நேரம் போக மீதிப் பொழுதில் இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகத்தில் ஆய்வு செய்தார். மருத்துவர் மகேந்திரலால் சர்க்கார் 1876இல் அக்கழகத்தை நிறுவியபோது அவருக்குத் தோள் கொடுத்தவர் தூய சவேரியார் கல்லூரியின் இயேசு சபைக் குரு யூஜின் லாஃபோன். நம்மவருள் இப்பெயரை அறிந்தோர் எத்தனை பேர்? இந்திய இயற்பியலுக்குத் திருச்சபை ஆற்றிய பணி பற்றி மேடையில் முழங்குவோர்கூட இவரை மறந்துவிடுகிறார்கள். இராமன் விளக்கேற்றிய கூடத்துக்கு எண்ணெய் வார்த்தவர்களுள் அவரும் ஒருவர்.

1921இல் ஆக்ஸ்போர்டு சென்று ‘நார்குண்டா’ கப்பலில் திரும்பும்போது இராமன் கடலை வெறுமனே பார்த்துக்கொண்டிருக்கவில்லை. கடலின் நீலம் வானின் நீலத்தது பிம்பமே என்று ரேலி பிரபு சொல்லியிருந்தார். சிதறல் கணக்கைத் தந்த பேராசானே சொல்லிவிட்டால் எதிர்ப்பார் யார்? இராமன் கையிலிருந்தது ஒரு சிறிய நிக்கோல் பட்டகம். நீர்ப்பரப்பில் ஒரு குறிப்பிட்ட சாய்வில் தெறித்து வரும் ஒளியை அப்பட்டகம் ஏறக்குறைய முழுதும் தடுத்துவிடும். அவ்வாறு வானத்தின் பிம்பத்தை அழித்துவிட்டுப் பார்த்தார். கடல் வெளிறவில்லை, நீலம் இன்னும் செறிந்தது. நீரின் மூலக்கூறுகளே ஒளியைச் சிதறடிக்கின்றன என்று எழுதிய குறிப்பைப் பம்பாய்த் துறைமுகத்திலிருந்தே இலண்டன் ‘நேச்சர்’ இதழுக்கு அனுப்பினார். நீர் சிவப்பொளியைச் சிறிது உறிஞ்சிக்கொள்வதும் கடலின் நீலத்துக்குப் பெருங்காரணம் என்பது இன்று தெளிவு.

கற்பனை இங்கே எங்கே இருந்தது? நீலத்தைக் கண்டு மயங்கியதில் அன்று. நீலத்திலிருந்து வானத்தைக் கழித்துவிட்டால் எஞ்சுவது என்ன என்று எண்ணியதில். கவிஞர் நீலத்தோடு உவமை கூட்டுவார்; இவரோ நீலத்திலிருந்து ஒன்றைக் கழித்தார்.

பின்னர் ஏழாண்டு உழைப்பு. 1923இல் கே. ஆர். இராமநாதன் தூய நீரில் ஏதோ மங்கிய ஒளிர்வைக் கண்டார். நீரில் கலந்த மாசு என்று எண்ணித் திரும்பத் திரும்ப வடித்துத் தூய்மைப்படுத்தியும் அது மறையவில்லை. அதே ஆண்டு அமெரிக்காவில் காம்ப்டன், எக்ஸ் கதிர்கள் எலக்ட்ரானில் மோதி அலைநீளம் மாறுவதைக் காட்டினார். ஒளி துகளாகவும் நடந்துகொள்ளும் என்பதற்கு அது வலுவான சான்று. கண்ணுக்குப் புலனாகும் ஒளிக்கும் இத்தகைய மாற்றம் நேருமோ என்று இராமன் எண்ணத் துணிந்ததும், மாசு என்று ஒதுக்கியதே செய்தியாயிற்று. வத்திராயிருப்புக்காரரான கே. எஸ். கிருஷ்ணன் துணைநின்றார். இவர் முன்னர் எங்கள் வட்டாரத்துக்கு அண்மையில், அந்நாளில் எஸ்பிளனேடில் இருந்த கிறித்தவக் கல்லூரியில் செய்முறை விளக்குநராய்ப் பணியாற்றியவர். 18 செண்டிமீட்டர் அகலமுள்ள தொலைநோக்கி வில்லையால் சூரிய ஒளியைக் குவித்து, ஒரு நிற வடிகட்டி வழியே திரவத்துள் செலுத்தினர். சிதறி வரும் ஒளியை, முன்னதை முற்றிலும் தடுக்கும் வேறொரு வடிகட்டி வழியே பார்த்தனர். இருளே தெரிந்திருக்க வேண்டும். மெல்லிய ஒளி தெரிந்தது. ஏறத்தாழ அறுபது திரவங்களில் அது தெரிந்தது. உள்ளே புகாத நிறம் வெளியே வந்தது! 1928 பிப்ரவரி 28இல் நிறமாலைக்காட்டி அதை உறுதிசெய்ய, 1930இல் நோபெல் பரிசு வந்தது. அதே சமயத்தில் மாஸ்கோவில் லாண்ட்ஸ்பெர்க், மண்டெல்ஷ்டாம் இருவரும் படிகங்களில் இதைக் கண்டிருந்தனர் என்பதையும் நம் மேடைகள் சொல்லப் பழக வேண்டும்.

அதே 1930இல் அண்ணன் மகனும் கப்பலேறினார். பத்தொன்பது வயதுச் சந்திரசேகர், பயணத்திலேயே போட்ட கணக்கு, வெண்குள்ளன் விண்மீன் சூரியனைப்போல் சுமார் 1.4 மடங்கு நிறைக்கு மேல் நிலைத்திராது என்னும் முடிவுக்கு அவரைக் கொண்டு சென்றது. 1935 ஜனவரியில் இலண்டனில் அவர் அதை விளக்கி முடித்தவுடன் எடிங்டன் எழுந்து, விண்மீன் இத்தகைய அபத்தத்தில் விழாதபடி இயற்கையிலேயே ஒரு விதி இருந்தாக வேண்டும் என்றார். சபை சிரித்தது.

என் பிணக்கு இங்கேதான். எடிங்டன் எதிர்த்தது கணக்கில் பிழை கண்டன்று. முடிவு அவருக்கு அழகாயில்லை; அவ்வளவே. அழகுணர்வு மிக்க ஒரு பேரறிஞரால் காயமுற்ற ஒருவர், அரை நூற்றாண்டுக்குப் பின் அழகே வழிகாட்டி என்று நூல் எழுதுகிறார். அந்நூலிலேயே எடிங்டனைத் தம் காலத்தின் மிகச் சிறந்த வானியற்பியலார் என்று போற்றவும் செய்கிறார். பகைவரையும் நேசிக்கக் கற்ற நமக்கு இப்பெருந்தன்மை இனிக்கும். ஆனால் வாதம் என்ற அளவில் அது ஓர் ஓட்டையை மூடிவிடுகிறது: யாருடைய அழகு, எதனால் சோதிக்கப்பட்ட அழகு என்று நூல் போதிய அளவு கேட்பதில்லை. இராமனும் இதற்கு விலக்கல்லர். படிக அதிர்வுகளைப் பற்றி மாக்ஸ் போர்னோடு நடத்திய நெடும் பூசலில், தாம் வரைந்த சித்திரத்தையே பற்றிக்கொண்டு நின்றார். கப்பல் தளத்தில் பிறர் சித்திரத்தைப் பட்டகத்தால் அழித்துப் பார்த்தவர், தம்முடையதை அழித்துப் பார்க்கவில்லை. நியூட்டன் ஏன் நின்றுவிட்டார் என்ற சந்திரசேகரின் வினாவுக்குப் பாதி விடையேனும் இதில் இருக்கக்கூடும்.

குறைகள் சொன்னேன்; ஆயினும் கல்லூரி மாணவர் படிக்க வேண்டிய நூல் இது. கணிதம் வரும் பக்கங்களைத் தயங்காமல் தாண்டிவிடலாம்.

சென்ற மாதம் பங்கு மாணவர் இருவரைக் காசிமேட்டுக் கரைக்கு அழைத்துச் சென்றேன். ஒளியின் பளபளப்பைத் தடுக்கும் வெயில் கண்ணாடி ஒன்று கையிலிருந்தது. அதைக் கண்ணுக்கு எதிரே பிடித்து மெல்லச் சுழற்றச் சொன்னேன். நீர்மேல் மின்னிய வெள்ளித்தகடு ஒரு கோணத்தில் மறைந்து, மறு கோணத்தில் திரும்பிற்று. மறைந்தபோது கரையோர நீர் உள்ளபடியே தெரிந்தது: வண்டல் கலந்த பழுப்பு; அப்பால் பச்சை.

“சார், நீலம் எங்க ஆரம்பிக்குது?” என்றான் இளையவன்.

வலைக்குக் கண்ணி போட்டுக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் தலை நிமிராமலே சொன்னார்: “படகுல வா தம்பி, காட்டுறேன்.”