இருட்டிய வகுப்பறைகள்: பள்ளிக்கூடத் திகில் விளையாட்டுகளின் மரபு

மாளிகையிலும் மருத்துவமனையிலும் நடக்கும் திகில் விளையாட்டுகளில் ஆடுபவர் ஓர் அந்நியர். பள்ளிக்கூடத்தில் அப்படியில்லை. மணி, வரிசை, தண்டனை, எப்போதும் பூட்டியே கிடக்கும் அறை என எல்லாம் அவருக்குப் பழகியவை. அந்தப் பழக்கத்திலிருந்தே அச்சத்தை எடுக்கத் தெரிகிறதா? பள்ளிக்கூடத் திகில் விளையாட்டுகளை அளக்க இதைவிடச் சரியான கோல் இல்லை.

மரபின் வேர் ஜப்பானில் இருக்கிறது. கழிப்பறைக் கதவைத் தட்டினால் பதில் சொல்லும் ஹனாகோ என்னும் பேய், இரவில் தானே ஒலிக்கும் பியானோ எனப் பல பள்ளிகளுக்கும் ‘ஏழு மர்மங்கள்’ உண்டு. 1995-ல் பான்பிரெஸ்டோ நிறுவனம் வெளியிட்ட ‘பள்ளியில் நடந்த பயங்கரக் கதைகள்’ விளையாட்டில் ஆறு மாணவர்கள் கதை சொல்லக் கூடுகிறார்கள், ஏழாமவர் வரவில்லை. யார் முதலில் பேசுவது என்பதை ஆடுபவரே முடிவு செய்வார். மறுஆண்டு மகோடோ கெடோயின் பிசி-98 கணினிக்காக உருவாக்கிய ‘கார்ப்ஸ் பார்ட்டி’யில், நண்பர்கள் செத்துப்போன ஒரு தொடக்கப்பள்ளிக்குள் தள்ளப்படுகிறார்கள். படங்கள் எளியவை; அச்சத்தை எழுத்தும் ஒலியுமே சுமக்கின்றன. 2010-ல் பிஎஸ்பி கையடக்கக் கருவிக்கு வந்த பதிப்பை ஹெட்போன் மாட்டிக் கேட்டால், பேச்சு காதுக்குப் பின்னாலிருந்து வரும்.

கொரியா வேறு வழியில் போனது. 2001-ல் சொன்னோரி நிறுவனம் தந்த ‘ஒயிட் டே’யின் நாயகன், தான் விரும்பும் பெண்ணுக்கு மிட்டாய் வைக்க இரவில் பள்ளிக்குள் நுழைகிறான். கையில் ஆயுதம் கிடையாது. பேய்களைவிட அதிகம் நடுங்க வைப்பவர் மட்டையோடு ரோந்து வரும் காவலாளி. அறையில் விளக்கைப் போட்டால் வழி தெரியும், ஆனால் அவருக்கும் தெரிந்துவிடும். ஒளிந்து நிற்கும் நொடிகளில் கேட்கும் சாவிக்கொத்தின் சத்தம், திடீரென்று பாயும் எந்தப் பேய்க்கும் குறைந்ததல்ல. கயாகும் என்னும் கொரிய நரம்பிசைக் கருவியின் கலைஞர் ஹ்வாங் பியுங்கியின் 1975-ஆம் ஆண்டு ‘லேபிரிந்த்’ இசையைச் சேர்த்தது இந்த விளையாட்டின் அசாத்தியத் துணிச்சல். சிரிப்பும் அழுகையும் கலந்த அதன் பெண்குரல், இசையா ஓலமா என்று பிரிக்கவே விடாது.

மேற்கில் பிரான்சின் ‘அப்ஸ்கியூர்’ (2004) இருவர் சேர்ந்து ஆடும் வசதியைத் தந்தது. வெளிச்சமே அதில் ஆயுதம். ஆனால் அதன் அரக்கர்களை எந்தக் கட்டடத்துக்கும் மாற்றிவிடலாம். பள்ளி அங்கே வெறும் அரங்கம்.

இந்தக் கோலில் உயர்ந்து நிற்பது தைவானின் ‘டிடென்ஷன்’. 2017-ல் ரெட் கேண்டில் கேம்ஸ் வெளியிட்டது. 1949 முதல் 1987 வரை நீடித்த ராணுவச் சட்டக் காலத்தில், 1960-களின் ஒரு மலைப்பள்ளி. தடை செய்யப்பட்ட நூல்களை ரகசியமாக வாசிக்கும் ஆசிரியர்களும் மாணவர்களும்; வளாகத்திலேயே ஒரு ராணுவப் பயிற்றுநர். பேய் எதிரே வந்தால் மூச்சை அடக்க வேண்டும். விளக்கேந்திய நெடிய உருவம் வந்தால் முகத்தையும் திருப்பிக்கொள்ள வேண்டும். பார்க்காதே, பேசாதே என்று அக்காலம் மக்களுக்கு இட்ட கட்டளைகள் இங்கே விரலசைவாகிவிடுகின்றன. கதாநாயகி ஃபாங்கின் காதலும் பொறாமையும் ஒரு காட்டிக்கொடுத்தலில் முடிந்ததை ஆடுபவர் மெல்ல அறிகிறார். கடைசியில் அதை ஒப்புக்கொள்வதா மறுப்பதா என்பதைப் பொறுத்தே முடிவு மாறுகிறது. ஜான் ஷூ இயக்கிய இதன் திரைவடிவம் 2019-ல் ஐந்து தங்கக் குதிரை விருதுகளைப் பெற்றது.