‘ரவ்தா ஐகா’: பாடல் நீங்கிய காப்பியம்

பின்லாந்துத் தொலைக்காட்சியில் 1982ஆம் ஆண்டு நான்கு பகுதிகளாக ஒளிபரப்பாகிய ‘ரவ்தா ஐகா’, எலியாஸ் லொன்ரொத் தொகுத்த கலேவலாக் காப்பியத்தை அடிப்படையாகக் கொண்ட நாடகமாகும். இதனை எழுதியவர் கவிஞர் பாவோ ஹாவிக்கோ. இயக்கியவர் கல்லே ஹோல்ம்பெரி. இசையமைத்தவர் அவ்லிஸ் சல்லினன். தலைப்பின் பொருள் ‘இரும்புக்காலம்’ என்பதாம்.

கலேவலாவில் சொல்லே படைக்கலம். வைனாமொயினன் பாடியே தன் எதிரியைச் சேற்றில் அமிழ்த்துகிறான். இரும்பு விளைத்த புண்ணின் குருதி, இரும்பின் பிறப்பை உரைத்த பின்னரே அடங்குகிறது. ஹாவிக்கோ இவ்வாற்றலை நாயகர்களிடமிருந்து பறித்துவிடுகிறார். பெயர்களும் வைனோ, இல்மரி, லெம்மின்கி எனக் குறுகுகின்றன. எஞ்சுவோர் ஆசையும் அச்சமும் உடைய எளிய மனிதர்களே. 1974இல் வெளியான தம் நெடுங்கவிதையில் சம்போ என்னும் அற்புத ஆலையைப் பைசாந்திய நாணயச்சாலையாகக் கண்டவர் அவர் என்பதால், இப்போக்கு வியப்புக்குரியதன்று.

இதனை மூலத்திற்கு இழைத்த தீங்கு எனல் பொருந்தாது. தனித்தனியே வழங்கிய குல்லர்வோ பாடல்களை இணைத்து 31 முதல் 36 வரையிலான ஆறு பாடல்களில் ஒரே வாழ்க்கைக் கதையாக்கியவர் லொன்ரொத்தே. 1835இல் 32 பாடல்களாக இருந்த நூல், 1849இல் 50 பாடல்களாக விரிந்ததும் அவர் கையால்தான்.

நாடகத்தின் உச்சம், வெசா-மத்தி லொய்ரி நடித்த இல்மரி பொன்னால் ஒரு பெண்ணை வார்க்கும் காட்சியாகும். காப்பியத்தின் 37ஆம் பாடலில், மனைவியை இழந்த கொல்லன் பொன்மகளோடு படுக்க, அவளைத் தொட்ட பக்கம் பனியாய்க் குளிர்கிறது. அங்கே வைனாமொயினன் இளைஞர்க்குப் பொன்னை நாடாதீர் என அறிவுரை கூறி அத்துயரைப் பொதுமைப்படுத்திவிடுகிறான். திரையில் நம் முன் நிற்பதோ ஒரு கைவினைஞனின் தனிமை. பாடலால் எட்ட இயலாத அணுக்கம் இது, காமிராவுக்கே கைவருவது.

எனினும் இழப்பும் உண்டு. எதிரியைப் பாடி வீழ்த்த வல்லவன் இளம்பெண் ஐனோவின் மனத்தை மட்டும் வெல்ல மாட்டாதிருத்தல் காப்பியத்தின் ஆழ்ந்த முரண். ஆர். சிவலிங்கம் (உதயணன்) 1994இல் வெளியிட்ட தமிழாக்கத்திலும் இதனை உணரலாம். சொல்லாற்றல் இல்லாத வைனோ தோற்கும்போது தோற்பவன் ஒரு முதியவன் மட்டுமே, பாடல் தோற்பதில்லை.