மலுமிச்சம்பட்டி அடுக்குகள்: ஒரு மதிப்பீடு

கோவையிலிருந்து கிணத்துக்கடவு போகிற சாலையில் ஏறக்குறைய பாதி வழியில் மலுமிச்சம்பட்டி. முத்தண்ணன்குளம் போன்ற கோவைக் குளக்கரைகளில் தலைமுறையாகக் குடிசை போட்டிருந்த குடும்பங்களை அப்புறப்படுத்தியபோது கீரணத்தம், வெள்ளலூர், மலுமிச்சம்பட்டி என நகரின் விளிம்புகளில்தான் அடுக்குமாடி வீடு கொடுத்தார்கள். அவற்றைக் கட்டியது 1970இல் தொடங்கிய குடிசை மாற்று வாரியம்; அது 2021இல் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் ஆனது. இந்த வீடுகள் அந்தக் குடும்பங்களை வறுமையிலிருந்தும் வன்முறையிலிருந்தும் வெளியே கொண்டுவந்தனவா?

அரசின் பக்கம் கனமான நியாயம் இருக்கிறது. குளக்கரையில் பட்டா கிடையாது. மழை வலுத்தால் சாக்கடைத் தண்ணீர் அடுப்படிக்கே வரும். ஒதுங்குவதற்குப் பெண்கள் இருட்டும்வரை காத்திருப்பார்கள். இன்று கழிப்பறை வீட்டுக்குள்ளேயே இருக்கிறது. இதைச் சின்ன விஷயமென்று தள்ளுகிறவர்கள் அந்தக் காத்திருப்பை அறியாதவர்கள்.

ஆனால் பிழைப்பு பழைய இடத்திலேயே நின்றுவிட்டது. டி.கே. மார்க்கெட்டில் சுமை இறக்குகிறவருக்கும் உக்கடத்துப் பக்கம் வீட்டுவேலை செய்கிற அம்மாவுக்கும் விடியுமுன்னே பஸ் வேண்டும். 2021 மே முதல் சாதாரணக் கட்டண டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணமில்லை. அது காசை மிச்சம் பிடித்தது, நேரத்தை அல்ல.

வன்முறையின் வேர் இந்த நேரத்தில்தான் இருக்கிறது என்பது என் வாதம். பிள்ளைகள் நாலரைக்கு வீடு திரும்புகிறார்கள். அம்மா வர இருட்டிவிடுகிறது. குளக்கரையில் அந்த நேரத்துக்கு எதிர்வீட்டில் பாட்டியோ அத்தையோ இருந்தார்கள். குலுக்கலில் வீடு ஒதுக்கும் முறை சொந்தபந்தத்தைப் பிளாக் பிளாக்காகச் சிதறடித்துவிடுகிறது. பெரியவர்கள் இல்லாத மாடிப்படியில் கஞ்சா விற்பவன் வந்து உட்காருகிறான். "அந்தச் சனங்க குணமே அப்படி" என்று ஊர் பேசுவது அநியாயம். ரோந்து மட்டும் போதும் என்பதும் ஏற்கத்தக்கதல்ல. ரோந்து போன பிறகும் அந்தப் படி காலியாகத்தான் கிடக்கும்.

இந்த இடத்துக்கு ஒரு சாதகம் உண்டு. குறிச்சி சிட்கோ தொழிற்பேட்டையும் அரசம்பாளையம் ஃபவுண்டரிகளும் இதே பொள்ளாச்சி சாலைப் பக்கம்தான். உள்ளூரில் ஆள் இல்லையென்று வடமாநிலத் தொழிலாளர்களை அழைத்துவருகிற தொழில்கள் அவை. ஆனால் பக்கத்து அடுக்குகளில் பத்தாவது, பன்னிரண்டாவது முடித்த பையன்கள் சும்மா இருக்கிறார்கள்.

கூரையாக இந்தத் திட்டம் தேறியது. வறுமையிலிருந்தும் வன்முறையிலிருந்தும் வெளியேறும் வழியாகத் தோற்றது. வீட்டை முதலில் கட்டிவிட்டு வேலையையும் உறவையும் பிறகு பார்க்கலாம் என்று விட்டதுதான் காரணம். குடியேறியவர்களை மறுபடி பெயர்ப்பது கொடுமை. மாலை நேரப் பிள்ளைகள் மையம் ஒவ்வொரு பிளாக்கிலும் வேண்டும். ஃபவுண்டரிகளில் பயிற்சியோடு வேலை வாங்கித்தர மாவட்ட நிர்வாகம் முன்நிற்க வேண்டும். இனி ஒதுக்கும் வீடுகளில் சொந்தக்காரர்கள் ஒரே பிளாக்கில் சேர்ந்திருக்கும்படி குலுக்கலை மாற்ற ஓர் அரசாணை போதும்.